ஓர் உகரம்

மூன்றாம் பக்கம், இரண்டாம் பத்தி, கீழிருந்து நான்காவது வரி. இலாப நோக்கமுற்ற. கண்ணாடியைக் கழற்றி வேட்டி நுனியில் துடைத்து மறுபடி மாட்டிக்கொண்டு பார்த்தேன். கண்ணாடியில் ஒட்டிய தூசி சில சமயம் எழுத்தாகிவிடும், ஒரு முறை தூசியைக் காற்புள்ளி என்று எண்ணி நீக்கல் குறியே போட்டிருக்கிறேன், ஆனால் இது தூசி இல்லை, மகரத்துக்குக் கீழே சுழித்துக்கொண்டு நிற்கும் சுத்தமான கறுப்பு மை. நோக்கமற்ற என்று நான் எழுதிக் கொடுத்தேன். நோக்கமுற்ற என்று வந்திருக்கிறது. இலாப நோக்கம் அற்ற நிறுவனம் ஓர் உகரத்தில் இலாப நோக்கம் உற்ற நிறுவனமாகிவிட்டது. இலக்கணம் தடுக்கவில்லை, கவலையுற்ற, நோயுற்ற, அச்சமுற்ற என்பதுபோல நோக்கமுற்ற, கொஞ்சம் வழக்கில் இல்லாத பிரயோகம், அவ்வளவுதான், பொருள் மட்டும் தலைகீழ். மணி பதினொன்று பத்து. தொழிலாளர் அலுவலகத்தின் தாழ்வாரத்தில், மூன்று பேர் உட்காரும் இரும்பு பெஞ்சில், சுவரோரமாக நான், நடுவில் வக்கீல் ஹமீது, அந்த முனையில் எங்கள் அச்சகத்தின் சின்ன முதலாளி ஆவுடையப்பன். என் மடியில் எட்டுப் பக்க வாக்குமூலம். நெடுவழி அச்சகத்தில் முப்பத்தொரு வருடமாக மெய்ப்புப் பார்த்துவரும் குற்றாலமாகிய நான் உறுதிகூறி அளிப்பது என்று தொடங்குகிறது. அச்சகம் லாபத்துக்காக நடப்பதில்லை, அது அறப்பணி, ஆகவே தொழிலாளருக்கு வருடாவருடம் போனஸ் கொடுத்தாக வேண்டும் என்ற சட்டத்திலிருந்து அதற்கு விலக்கு அளிக்கலாம் என்று முடிகிறது. முதலாளி அரசுக்கு மனுப் போட்டார், அரசு இந்த அலுவலகத்தை விசாரித்து எழுதச் சொன்னது, இந்த அலுவலகம் எங்களைக் கூப்பிட்டது. உள்ளே அழைத்ததும் அதிகாரி முன்னால் நான் இதை உரக்க வாசித்துக் கையெழுத்துப் போட வேண்டும். இருப்பதிலேயே மூத்த தொழிலாளியே சொல்கிறார் என்றால் எடை அதிகம் என்று வக்கீல் சொன்னார். நாலடி தள்ளி எதிர்ச் சுவரை ஒட்டி இன்னொரு பெஞ்சு, ஓடுகிற மின்விசிறி அங்கேதான் இருக்கிறது, அதன் கீழே தொழிலாளர் தரப்பு, ஆஃப்செட் இயந்திரம் ஓட்டும் சுடலைமுத்துவும் ஜெபக்கனியும். இரண்டு பெஞ்சுக்கும் நடுவில் பக்கத்தின் இரண்டு பத்திகளுக்கு நடுவே விடுகிற வெள்ளை மாதிரி ஒரு வெறும் இடம். ஜெபக்கனி என்னைப் பார்க்கவில்லை. நாற்பத்தாறு நாளாகப் பார்க்கவில்லை. இந்த வாக்குமூலத்தைத் தட்டச்சு செய்தவள் அவள்.

பிழைகள் மூன்று வகை. கண்ணின் பிழை, ஒரே சொல் இரண்டு வரியில் வந்தால் கண் வழுக்கி நடுவில் உள்ளதை விழுங்கிவிடும். கையின் பிழை, லகரத்துக்கு ளகரம். மூன்றாவது மனத்தின் பிழை, அதுதான் சுவையானது, வீட்டில் அரிசி தீர்ந்துபோன ஓர் அச்சுக்கோப்பவர் அரசியல் மாநாட்டை அரிசியல் மாநாடு என்று கோத்தார், நான் சிரித்துவிட்டுத் திருத்தினேன், திருத்தியபின்தான் அவர் முகத்தைப் பார்த்தேன். இது எந்த வகை? கண்ணின் பிழையாக இருக்க வழியில்லை, என் கையெழுத்து அச்சைவிடத் தெளிவு என்று எனக்கு ஒரு கர்வம் உண்டு. கையின் பிழையா? எங்கள் கணினியில் பழைய தட்டச்சுப் பலகையின் முறைதான். ம வேண்டுமென்றால் வலக்கை நடுவிரல் ஒரு விசையைத் தட்டினால் போதும். மு வேண்டுமென்றால் அதே விசை, ஆனால் இடக்கைச் சுண்டுவிரல் போய் மூலையில் இருக்கும் ஷிஃப்ட்டை அழுத்திப் பிடித்திருக்க வேண்டும். ஒரு விரல் தவறலாம். இரண்டு கைகள் பேசி வைத்துக்கொண்டு தவறுமா? ஆனால் அவள் தட்டச்சுப் பகுதிக்குப் போய் நாற்பத்தாறு நாள்தான் ஆகிறது, பழகாத கை, சுண்டுவிரல் எடுக்க மறந்திருக்கலாம், முந்தின எழுத்து ஷிஃப்ட் எழுத்தாக இருந்தால் அது ஒட்டிக்கொண்டு வந்திருக்கலாம். பார்த்தேன். முந்தின எழுத்து க. அதற்கு ஷிஃப்ட் தேவையில்லை. அப்படியானால் மனத்தின் பிழை. யாருடைய மனம்? அச்சகத்தில் பத்தொன்பது வருடம் அவள் வாசிக்க நான் பார்த்தேன். இப்போதெல்லாம் யாருக்கும் தெரியாது, மெய்ப்பு ஒருவர் பார்க்கிற வேலையே இல்லை, ஒருவர் மூலத்தை உரக்க வாசிக்க வேண்டும், மற்றவர் அச்சுத்தாளில் விரல் வைத்துக் கேட்டுக்கொண்டே போக வேண்டும். சொல்லோடு சேர்த்துக் குறிகளையும் வாசிப்பார்கள். அவன் வந்தான் கால்புள்ளி உட்கார்ந்தான் கால்புள்ளி போய்விட்டான் முற்றுப்புள்ளி புதுப் பத்தி. கால்புள்ளி இல்லை ஜெபக்கனி, கால் கூட்டல் புள்ளி காற்புள்ளி, லகரம் றகரமாகும் என்று முதல் நாளே சொன்னேன். “எனக்குக் காலுதான் சார் வருது, காறு வரலை” என்றாள். பத்தொன்பது வருடமும் காலுதான். ஞாயிற்றுக்கிழமை கோயிலில் வேதபாடம் வாசிப்பவள், அந்தக் குரல் அப்படியே அச்சகத்துக்கும் வரும், பத்தாம் வகுப்பு அறிவியல் கைடைக்கூட ஏதோ தேவவாக்கு இறங்குவதுபோல வாசிப்பாள், தவளையின் செரிமான மண்டலம் முக்காற்புள்ளி. முக்காலுக்கு மட்டும் அவளுக்குச் சந்தி வரும், அது ஏன் என்று நான் கேட்கவில்லை. ஒருநாள் ராத்திரி வீட்டில் ஜெபத்தை ஆமென் முற்றுப்புள்ளி என்று முடித்துவிட்டாளாம், மகள் ஒரு வாரம் சிரித்தாளாம். அச்சகத்துப் பெண்கள் எல்லோரும் என்னை ஐயா என்று கூப்பிட அவள் மட்டும் சார் என்பாள். “ஐயான்னா எங்க சபைப் போதகரு சார். அவரு மேய்ப்பரு, நீங்க மெய்ப்பரு. கொம்புல ஒரு சுழி கம்மி, அவ்வளவுதான்.” அதைச் சொன்ன அன்று நான் ஒரு முழு மெய்ப்புத் தாளில் ஒரு பிழையையும் பார்க்கவில்லை, பிறகு மறுபடி வாசிக்கச் சொன்னேன்.

மெய்ப்பு வேலையில் சேரும் எவருக்கும் நான் சொல்லிக்கொடுப்பது ஒரே விதி. உள்ளதை வாசி, இருக்க வேண்டியதை வாசிக்காதே. படித்தவர்கள் இதில்தான் விழுவார்கள், பாதிச் சொல்லைப் பார்த்ததும் மீதியை மனம் நிரப்பிக்கொண்டு ஓடிவிடும், தாளில் தோட்டி என்று இருந்தாலும் போட்டி என்று வாசிப்பார்கள். ஜெபக்கனி ஒருபோதும் அப்படி வாசித்ததில்லை. உள்ளதை வாசித்தாள். அதனால்தான் அன்று, நாற்பத்தாறு நாளுக்கு முன்னால், என் கையெழுத்து நகலை எடுத்துக்கொண்டு என் மேசைக்கு வந்து, உட்காராமல், நின்றபடியே வாசித்தாள். “தொழிலாளர் அனைவரும் போனஸ் உரிமையை மனம் உவந்து துறக்கச் சம்மதித்துள்ளனர் முற்றுப்புள்ளி. சார், இது யாரு மனசு சார்?” நாற்பத்திரண்டு பேர் வேலை செய்கிறோம், ஒருவரிடமும் யாரும் கேட்கவில்லை, எனக்குத் தெரியும், அவளுக்கும் தெரியும், எனக்குத் தெரியும் என்பதும் அவளுக்குத் தெரியும். நான் நிமிர்ந்து பார்த்து என்ன சொன்னேன்? மனமுவந்து என்பதைச் சேர்த்து எழுத வேண்டும், பிரித்தால் மனம் தனியே நிற்கும் என்று சொன்னேன். சத்தியமாக அதைத்தான் சொன்னேன். கேள்வியின் பொருள் காதில் விழுவதற்கு முன்னால் அந்த இடைவெளி கண்ணில் விழுந்துவிட்டது, நான் எழுதும்போதே கை தவறி விட்டிருந்த இடைவெளி, என் பிழை, என் பிழையைத்தான் நான் திருத்தினேன். அவள் தாளை மடித்தாள். “மனசு தனியாத்தான் நிக்கி சார்” என்றாள். மறுநாள் மேலாளரிடம் கேட்டுத் தட்டச்சுப் பகுதிக்கு மாறிக்கொண்டாள். அதற்குப் பிறகு நான் தனியாகப் பார்க்கிறேன், இடது பக்கம் மூலம், வலது பக்கம் அச்சுத்தாள், கழுத்து இப்படியும் அப்படியும் போய்க்கொண்டிருக்கிறது, ஏதோ ஒன்றை வேண்டாம் வேண்டாம் என்று சொல்லிக்கொண்டே இருப்பவன் மாதிரி. காற்புள்ளி என்று நானே சொல்லிக்கொள்கிறேன். என் குரல் எனக்குப் பிடிக்கவில்லை. வீட்டிலும் குரல் கிடையாது, என் மனைவி கோமதி போய் ஆறு வருடம் ஆகிறது, வானொலியைப் போட்டால் அவர்கள் தமிழைத் திருத்துவதிலேயே செய்தி முடிந்துவிடுகிறது. ஒரு நாளைக்கு எட்டு மணி நேரம் ஒரு மனிதக் குரலைக் கேட்டுக்கொண்டிருந்தேன், அது கைடுதான், நாட்காட்டியின் ராகுகாலம்தான், கல்யாணப் பத்திரிகையின் தாய்மாமன் பெயர்தான், ஆனால் எனக்காக வாசிக்கப்பட்டது.

“பெரியப்பா, சாப்பிட ஏதாச்சும் சொல்லட்டுமா, சர்க்கரைக்காரரு, நேரமாயிட்டா தலை சுத்தும்லா” என்று ஆவுடையப்பன் வக்கீலைத் தாண்டிக் குனிந்து கேட்டார். வேண்டாம் என்று தலையாட்டினேன், கழுத்துக்குத்தான் பழகிவிட்டதே. முப்பத்துநான்கு வயது, பள்ளிக்கூடத்தில் படிக்கிறபோது கட்டுரை நோட்டை என்னிடம் கொண்டுவந்து நீட்டிய பையன், சந்திப்பிழை போடாமல் ஒரு பக்கம் எழுதினால் இலந்தை வடை வாங்கித் தருவேன். சாதாரண நாளில் சார் என்பார், வேலை ஆக வேண்டிய நாளில் பெரியப்பா. உறவுமுறைச் சொற்கள் வினைத்தொகை மாதிரி, காலம் மறைந்து நிற்கும். கெட்டவர் இல்லை. அவர் தாத்தா பக்திப் பாடல் புத்தகத்தைக் காலணாவுக்கு விற்கிறேன் என்று தொடங்கிய அச்சகம், அந்தப் புத்தகத்தை இப்போதும் வருடத்துக்கு ஐந்நூறு பிரதி போடுகிறோம், கேட்டவர்களுக்குச் சும்மா கொடுக்கிறோம், அந்த ஐந்நூறுதான் அறப்பணி. மற்ற நேரத்தில் கைடும் நகைக்கடை நாட்காட்டியும் பத்திரிகையும் வங்கிச் செலானும் ஓடுகின்றன, அறப்பணி சென்ற வருடம் மாடி கட்டியது, இந்த வருடம் கார் வாங்கியது. சட்டத்தில் லாபநோக்கம் இல்லாத ஆஸ்பத்திரிக்கும் சமூக நல நிலையத்துக்கும் போனஸ் பொருந்தாது என்று ஓர் இடம் இருக்கிறது, அந்த இடத்தில் நாமும் போய் நின்றுகொள்வோம் என்றார் வக்கீல். போனஸ் கிடையாது என்றில்லை பெரியப்பா, கொடுப்போம், பெயர் மட்டும் கருணைத் தொகை என்று இருக்கும் என்றார் ஆவுடையப்பன். எனக்கு அந்தச் சொல் பிடித்துவிட்டது, முதலில் சொல்லாகத்தான் பிடித்தது, கருணைத் தொகை, நல்ல ஓசை, இரண்டு நாள் கழித்துத்தான் உறைத்தது, போனஸ் என்றால் கேட்கலாம், கருணை என்றால் கும்பிடத்தான் முடியும். “உங்க தமிழு யாருக்கு வரும், நீங்களே எழுதிருங்க” என்றார். எழுதினேன். ஒரே இருப்பில் எழுதினேன், மூன்று வருடமாக இப்படி ஒரு வாக்கியம் எனக்கு அமைந்ததில்லை. நெடுவழி அச்சகம், நான் அறிந்த நாள் முதல், இலாப நோக்கமற்ற நிறுவனம், என்று ஏறி இறங்கி வந்து நிற்கும்போது ஒரு நிறைவு இருந்தது, வாக்கியம் நேராக இருந்ததால் விஷயமும் நேர் என்று தோன்றியது. வயது அறுபத்தொன்று எனக்கு. ஐம்பத்தெட்டில் ஓய்வு. மூன்று முறை ஒவ்வொரு வருடமாக நீட்டித்தார்கள், நான்காவது கடிதம் தயாராக இருக்கிறது, ஆவுடையப்பனின் சட்டைப் பையில்தான் இருக்கிறது, காலையில் காரில் வரும்போது தொட்டுக் காட்டினார், எடுத்துக் கொடுக்கவில்லை.

விலக்கு. வாக்குமூலம் முழுக்க அந்தச் சொல் பதினேழு இடத்தில் வருகிறது, எண்ணியிருக்கிறேன். மதுவிலக்கு உண்டு, விதிவிலக்கு உண்டு, பெண்கள் மூன்று நாள் ஒதுங்கியிருந்த வீட்டுவிலக்கு உண்டு, ஆனால் எங்கள் பக்கத்தில் விலக்கு என்றால் பஸ் நிற்கிற இடம். பெரிய ரோட்டிலிருந்து ஒரு சின்ன ரோடு பிரிந்து போகும் முனைக்கு விலக்கு என்று பெயர். நான் இறங்குவது ஒத்தப்பனை விலக்கு. கண்டக்டர் “விலக்கு, விலக்கு ஒரு ஆளு” என்று விசிலடிப்பார், இறங்குவேன், பஸ் எல்லோரையும் ஏற்றிக்கொண்டு வெளிச்சமும் சத்தமுமாகப் பெரிய ரோட்டிலேயே போய்விடும், நான் ஒன்றரைக் கிலோமீட்டர் நடப்பேன். சட்டத்திலிருந்து விலக்குப் பெறுவது என்றால் இதுதான் என்று இதை எழுதுகிறபோது ஒரு கணம் தோன்றியது, எல்லோரும் போகும் வண்டியிலிருந்து நாற்பத்திரண்டு பேரை முனையில் இறக்கிவிட்டுவிட்டு விசிலடிப்பது. நல்ல உவமை என்று நினைத்துக்கொண்டேன், வாக்குமூலத்தில் இடமில்லை என்று விட்டுவிட்டேன். இப்போது என் பயம் வேறு. சாயங்காலம் ஆறரைக்கு விலக்கில் இறங்குவது எனக்குப் பழக்கம். ஆனால் வேலை போய்விட்டால் விலக்கில் ஏறவே வேண்டியதில்லை. காலை எட்டு மணிக்கு அந்த வீட்டில், குளித்துத் திருநீறு பூசி, கண்ணாடியைத் துடைத்து, எதைப் பார்க்கப்போகிறேன்? நாட்காட்டித் தாளையா, அதில் உள்ள பிழையெல்லாம் நான் ஏற்கெனவே பார்த்து நீக்கியவை. சிவப்புப் பேனா சட்டைப் பையில் இருக்கிறது. உகரத்தின் மேல் ஒரு கோடு, ஓரத்தில் ம என்று ஓர் எழுத்து, பக்கத்தில் என் சுருக்கொப்பம், மூன்று விநாடி வேலை. முப்பத்தொரு வருடத்தில் என் கண்ணில் பட்ட எந்தப் பிழையையும் நான் விட்டதில்லை, ஹோட்டல் பலகையைக்கூட விட்டதில்லை, கை தானாகவே பைக்குப் போகிறது, பேனாவைத் தொடுகிறது, திரும்பி வருகிறது. வக்கீல் பார்த்துவிட்டார். “என்னங்க அண்ணாச்சி, எதுவும் தப்பா?” கேட்கிறார், கண் கைப்பேசியில். உங்கள் எழுத்துதானே, எதற்கு மெய்ப்பு, நேரமில்லை என்று நேற்று இவர்தான் தாளை நேரே கையில் வாங்கிக்கொண்டு போனவர், என் கண் படாமல் எங்கள் அச்சகத்திலிருந்து வெளியே வந்த ஒரே தாள் இதுதான். “படிச்சுட்டிருக்கேன்” என்றேன். அது பொய் இல்லை.

தேநீர் வந்தது. அலுவலகச் சேவகர் இரண்டு பெஞ்சுக்கும் ஒரே தட்டில் கொண்டுவந்தார், அவருக்குத் தரப்பு தெரியாது. சுடலைமுத்து தம்ளரை எடுத்துக்கொண்டு வெள்ளை இடத்தைத் தாண்டி வந்து என் முன்னால் நின்றான், விரலிடுக்கில் மை, என்ன சோப்புப் போட்டாலும் போகாத நீலம். “குத்தம் அண்ணாச்சி, சீனி போடாததுதான, பாத்துக் குடிங்க” என்றான். என் பெயர் குற்றாலம், அச்சகத்தில் குத்தம். பெயரிலேயே குற்றம் உள்ளவன் குற்றம் பார்க்கும் வேலைக்கு வந்தது பொருத்தம் என்று நானே பலமுறை சொல்லியிருக்கிறேன், இன்று அவன் சொல்லும்போது வேறு மாதிரி இருந்தது. “ஒங்க பேருலயும் போனஸ் வெட்டுதான அண்ணாச்சி? இல்ல ஒங்களுக்கு மட்டும் விலக்குக்கு ஒரு விலக்கா?” என்று கேட்டுவிட்டுச் சிரித்தான். நல்ல பிரயோகம். நான் சொல்லியிருக்க வேண்டிய பிரயோகம். “சுடலை, இங்கன வா” என்றாள் ஜெபக்கனி. குரல். நாற்பத்தாறு நாளுக்குப் பிறகு நாலடி தூரத்தில், என்னிடம் இல்லை, ஆனாலும் குரல். நிமிர்ந்து பார்த்தேன், அவள் தம்ளரைப் பார்த்துக்கொண்டிருந்தாள், கழுத்தில் ஒரு கறுப்புக் கயிறு, சின்னச் சிலுவை. அவளிடம் ஒரு சங்கிலி இருக்கிறது, அது வருடத்தில் ஐந்து வாரம் மட்டும் அவள் கழுத்தில் இருக்கும். தீபாவளிக்குக் கொடுக்கிற போனஸைப் பத்திரப்படுத்தி டிசம்பர் பிறந்ததும் அடகிலிருந்து எடுப்பாள், கிறிஸ்துமஸ், புதுவருஷ ஆராதனை இரண்டுக்கும் போட்டுக்கொண்டு முன் வரிசையில் நின்று வாசிப்பாள், ஜனவரியில் மகளின் கட்டணத்துக்காக மறுபடி கடைக்குப் போய்விடும். “ஒங்க தீவாளி எங்க கிறிஸ்மஸை மீக்குது சார்” என்பாள். இந்த வருடம் கருணை வரும்வரை காத்திருக்க வேண்டும், கருணைக்குத் தேதி கிடையாது. சங்கிலி இல்லாமலும் அவளால் வாசிக்க முடியும், அது எனக்குத் தெரியும், ஆனால் முன் வரிசையில் நிற்பாளா என்று தெரியாது. இந்தப் பக்கம் ஒருமுறை பார், ஜெபக்கனி. பார்த்தால் தெரிந்துவிடும். சுண்டுவிரல் தானாக அழுந்தியதா, அழுத்தினாயா. நீ அழுத்தியிருந்தால் அது நாற்பத்தாறு நாளில் நீ எனக்கு எழுதிய ஒரே எழுத்து. தட்டச்சுப் பகுதியில் எட்டுப் பக்கத்தையும் நீ ஒற்றைப் பிழை இல்லாமல் அடித்திருக்கிறாய், மனமுவந்து என்பதைச் சேர்த்தே அடித்திருக்கிறாய், நான் சொன்னபடி, ஓர் உகரம் தவிர. யார் பார்ப்பார்கள் என்று நினைத்து அதைப் போட்டாய்? வக்கீல் பார்க்க மாட்டார், முதலாளி பார்க்க மாட்டார், அதிகாரிக்குத் தினமும் ஐம்பது மனு. உலகத்தில் ஒரே ஓர் ஆள்தான் அதைப் பார்ப்பான். இல்லை, இது என் மனத்தின் பிழை, அரிசி தீர்ந்தவன் அரிசியைக் கோக்கிறான், பேச ஆளில்லாதவன் ஒரு சுழியில் கடிதம் படிக்கிறான்.

அற்ற, உற்ற. இரண்டும் மாத்திரையில்கூட வித்தியாசம் இல்லாத சொற்கள், முதலெழுத்து மட்டும்தான் வேறு, உற்றார் என்றால் உறவினர், அற்றார் என்றால் ஒன்றுமில்லாதவர். கோமதி போனபோது பத்தாம் நாள் கருமாதிப் பத்திரிகையை நானே எழுதி நானே அச்சுக்குக் கொடுத்தேன், கீழே இப்படிக்கு என்பதற்குப் பிறகு உற்றார் உறவினர் என்று வழக்கமாகப் போடுவோம், போட்டேன், யாரைச் சொல்கிறேன் என்று அப்போது யோசிக்கவில்லை. மெய்ப்பு வந்தது. வேறு யாரையாவது பார்க்கச் சொல்லலாம் ஐயா என்றார்கள். நான் கேட்கவில்லை. ஜெபக்கனி எதிரே உட்கார்ந்து வாசித்தாள், எல்லாத் தாளையும் வாசிப்பதுபோலவே, குரலைத் தாழ்த்தவில்லை, இரக்கப்படவில்லை, பெயர், தேதி, கிழமை, திதி, எல்லாவற்றையும் அதனதன் புள்ளியோடு. இயற்கை எய்தினார் முற்றுப்புள்ளி என்று வாசித்துவிட்டு நிறுத்தினாள். என் விரல் அந்தப் புள்ளியிலேயே நின்றுவிட்டது. எவ்வளவு நேரம் என்று தெரியாது, இயந்திரப் பகுதியில் ஒரு ரீம் தாள் ஓடி முடிகிற சத்தம் கேட்டது. பிறகு மெதுவாக, “புதுப் பத்தி, சார்” என்றாள். தாளில் அங்கே புதுப் பத்தி இருந்தது, அவள் உள்ளதைத்தான் வாசித்தாள். நான் அடுத்த வரிக்கு விரலை நகர்த்தினேன். அடியில், எல்லாத் தாளிலும் எழுதுவதுபோல, மூலத்தோடு ஒப்பிட்டேன், சரி, என்று எழுதி ஒப்பமிட்டேன். முப்பத்தொரு வருடத்தில் அந்த மூன்று சொல்லை எத்தனை ஆயிரம் தாளில் எழுதியிருப்பேன். இந்த எட்டுப் பக்கத்தில்தான் எழுதவில்லை. இதன் மூலம் எது? என் கையெழுத்து நகலா? அது எதைப் பார்த்து எழுதியது? மாடியைப் பார்த்தா, காரைப் பார்த்தா, யாரும் கேட்காத நாற்பத்திரண்டு மனத்தைப் பார்த்தா?

“நெடுவழி அச்சகம், ரெண்டு தரப்பும்” என்று சேவகர் கதவைத் திறந்துகொண்டு கூப்பிட்டார். எழுந்தேன், முழங்கால் ஒருமுறை சொடுக்கியது. ஆவுடையப்பன் என் முழங்கையைப் பிடித்துக்கொண்டார், “மெதுவா பெரியப்பா”, அவர் சட்டைப் பையில் வெள்ளை உறையின் முனை தெரிந்தது. உள்ளே ஒரே ஒரு மேசை, அதன் பின்னால் நாற்பது வயது மதிக்கத்தக்க அம்மாள், களைத்த முகம், பேனா மூடியைக் கடிக்கிற பழக்கம். நாங்கள் முன்னால், சுடலைமுத்துவும் ஜெபக்கனியும் பின்னால் சுவரோரமாக. “நீங்கதான் சாட்சியா? தொழிலாளியாவும் இருக்கீங்க, நிர்வாகத்துக்காகவும் வந்திருக்கீங்களா?” என்று அதிகாரி கேட்டார். ஆமாம் என்றேன். “வாசிங்க. எழுதியிருக்கறதை அப்படியே வாசிங்க, நான் குறிச்சுக்கறேன்.” அப்படியே. இவர் என் வேலையில் சேர்ந்திருந்தால் நன்றாக வந்திருப்பார். வாசிக்கத் தொடங்கினேன். பிறர் வாசிக்கக் கேட்டே பழகியவன், என் குரல் வறண்டு வந்தது, முதல் பக்கம், இரண்டாம் பக்கம், வக்கீல் கைப்பேசியைப் பைக்குள் போட்டுக்கொண்டார், மூன்றாம் பக்கம் திரும்பியது. முதல் பத்தி. இரண்டாம் பத்தி. கீழிருந்து ஏழாவது, ஆறாவது, ஐந்தாவது வரி. விரல் தாளில் ஈரமாக ஒட்டியது. நோக்கமற்ற என்று நாக்கு தயாராக இருந்தது, நான் அமைத்த வாக்கியம், அதன் தாளம் அப்படித்தான் போகும், அரைச் சொல்லைப் பார்த்தால் மீதியை மனம் நிரப்பிக்கொள்ளும், இருக்க வேண்டியதை வாசித்துவிட்டால் போதும், யாருக்கும் தெரியாது, உறை என் கைக்கு வரும், நாளை காலை எட்டேகாலுக்கு விலக்கில் பஸ் ஏறுவேன், இடது பக்கம் மூலம், வலது பக்கம் தாள், கழுத்து வேண்டாம் வேண்டாம் என்று ஆடிக்கொண்டிருக்கும்.

“நெடுவழி அச்சகம், நான் அறிந்த நாள் முதல், இலாப நோக்கமுற்ற நிறுவனம்” என்று வாசித்தேன். “அற்ற” என்றார் வக்கீல். “நோக்கமற்ற. டைப்பிங் மிஸ்டேக் மேடம்.” அதிகாரி பேனா மூடியை வாயிலிருந்து எடுத்தார். “தாள்ல என்ன இருக்கு?” என்று என்னைக் கேட்டார். உற்ற என்று இருக்கிறது அம்மா என்றேன். “பெரியப்பா, ஒரு எழுத்துதான, திருத்திப் போட்டுருங்க” என்றார் ஆவுடையப்பன், குரலில் கோபம் இல்லை, பள்ளிக்கூடத்துப் பையனின் பதற்றம்தான் இருந்தது, அது எனக்குக் கஷ்டமாக இருந்தது. “நீங்க எழுதினதுதானே? பிழையா, இல்லையா? பிழைன்னா திருத்தி ஒப்பம் வைங்க” என்றார் அதிகாரி. கை பைக்குப் போனது. பேனாவை எடுத்தது. மாடி, கார், ஐந்நூறு பிரதி, ஐந்து வாரச் சங்கிலி. “மூலத்தோடு ஒப்பிட்டேன் அம்மா” என்றேன். “சரி” என்றும் நானே சொன்னேன், எது சரி என்று அவர் கேட்கவில்லை, ஒரு கணம் என்னைப் பார்த்துவிட்டுக் குனிந்து எழுதிக்கொண்டார், ஆவுடையப்பன் “சார்” என்றார். பெரியப்பா போய்விட்டது. “மேல வாசிங்க” என்றார் அதிகாரி. ஆனால் நான் விட்ட இடம் தெரியவில்லை, வரிகள் கண்ணாடிக்குள் நீந்தின, நிறுவனம் என்ற சொல்லுக்குப் பிறகு ஏதோ ஒரு குறி இருந்தது, அது தூசியா மையா என்று பிடிபடாமல் விரலை வைத்துக்கொண்டு நின்றேன். அப்போது பின்னால், சுவரோரத்திலிருந்து, தவளையின் செரிமான மண்டலத்தையும் கோமதியின் திதியையும் வாசித்த அதே குரலில், தாழ்த்தாமல், “கால்புள்ளி, சார்” என்றாள். நான் திருத்தவில்லை. அடுத்த வரி, அதன் தொழிலாளர் அனைவரும் போனஸ் உரிமையை மனமுவந்து, என்று தொடங்கியது. அந்தச் சொல்லில் விரலை வைத்துக்கொண்டு சிவப்புப் பேனாவின் மூடியைக் கழற்றினேன்.